கோர்ட் படி ஏறிய அடுப்பு

கறுப்புக் கோட்டுப் போட்ட இளம் வக்கீல் ஒருவர் என் அடுப்புக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, சாம்பலுக்குள் கையை விட்டுத் துழாவினார். நாமக்கல் முன்சீப் கோர்ட்டிலிருந்து வந்த கமிஷனர் அவர். என் அடுப்பு உண்மையில் எரிகிற அடுப்பா, இல்லை ஊரை ஏய்க்கக் கட்டிய அடுப்பா என்று பார்த்து எழுதுவதற்காகக் கோர்ட்டே அவரை அனுப்பியிருந்தது.

குழிக்குள் ஒரு பிடிச் சாம்பல்தான் கிடந்தது. அதைக் கிள்ளி எடுத்து விரலிடுக்கில் தேய்த்தார். மோந்துகூடப் பார்த்தார்.

"ஜில்லுன்னு இருக்கேம்மா. இதுலயா தினமும் சமைக்கிறீங்க?" என்றார்.

வாசலை அடைத்துக்கொண்டு ஊரே நின்றது. முன்வரிசையில் என் மாமனார். அவருக்குப் பக்கத்தில், தோளோடு தோள் உரச, அவர் மீது கேஸ் போட்ட ராக்கியண்ணன். இரண்டு பேருக்கும் நடுவில் என் மாமியார், கையில் அகப்பையோடு. அகப்பை எதற்கு என்று யாரும் கேட்கவில்லை. அதைக் கீழே வைத்து நான் பார்த்ததே குறைவு.

எனக்கு அப்போது இருபது வயதிருக்கும். நான் சொல்லப்போகும் பதிலில் ஊர்ப் பள்ளிக்கூடச் சங்கத்தின் தலைவர் பதவியே தொங்கிக்கொண்டிருந்தது. இத்தனை வருஷம் கழித்து உண்மையைச் சொன்னால் என்ன? பதவியைப் பற்றி எனக்கு எள்ளளவும் கவலை இல்லை. என் கவலையெல்லாம் அந்த அடுப்பைப் பற்றி. அது எனக்கு வேண்டும். கல்யாணமாகி அந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து நான் ஆசைப்பட்ட ஒரே பொருள் அதுதான்.

கொடுப்பதற்கு ஒரு சண்டை

போன வாரம் என் கல்யாணத்தைப் பற்றி எழுதியதைப் படித்துவிட்டு, "கொண்டப்பநாயக்கன்பட்டியில் மலைக்காற்று வாங்கி வளர்ந்த பெண், புதுச்சத்திரத்து வெயிலில் என்ன செய்தாய்?" என்று ஒரு வாசகி கேட்டிருந்தார். மாவாட்டினேன் என்பதுதான் பதில். அதைப் பிறகு சொல்கிறேன். முதலில் பள்ளிக்கூடத்துக் கதையைச் சொல்லிவிடுகிறேன்.

புதுச்சத்திரத்திலிருந்து வண்டித் தடத்தில் இரண்டு மைல் போனால் எங்கள் ஊர். அங்கே ஐந்தாம் வகுப்பு வரை ஒரு பள்ளிக்கூடம் இருந்தது. ஊர்க்காரர்களே கட்டியது. மாரியம்மன் நோம்பிக்கு, அதாவது திருவிழாவுக்கு, வரி பிரிக்க எங்கள் ஊரில் தலையை எண்ண மாட்டார்கள், வீட்டை எண்ண மாட்டார்கள், அடுப்பைத்தான் எண்ணுவார்கள். ஒரே கூரைக்கடியில் அண்ணனும் தம்பியும் தனித்தனியாக உலை வைத்தால் அது இரண்டு கணக்கு. முப்பது பேர் ஒரே பானையில் உண்டால் அது ஒரே கணக்கு. பள்ளிக்கூடம் கட்டும்போதும் அதே முறைதான். அடுப்புக்கு ஒரு வண்டிக் கல், அடுப்புக்கு ஓர் ஆள் வேலை.

கட்டி முடித்துச் சங்கமாகப் பதியப் போனபோது, அங்கத்தினர் என்றால் யார் யார் என்று வக்கீல் கேட்டாராம். "அடுப்புக்கு ஒருத்தருங்க" என்றார்களாம். அவரும் சிரிக்காமல் அப்படியே எழுதிவிட்டார். ஊரில் தனி அடுப்பு வைத்துச் சமைத்துண்ணும் குடும்பத்தின் தலைவர் ஒருவருக்கு ஓர் ஓட்டு. இதுதான் சங்கத்தின் சட்டம்.

சங்கம் சில வருஷம் சண்டையில்லாமல் நடந்தது. பிறகு எட்டாம் வகுப்பு வரை கொண்டுபோக வேண்டும், அதற்குப் புதுக் கட்டடம் வேண்டும் என்று பேச்சு வந்தது. இடத்தை யார் கொடுப்பது? "நான் தர்றேன்" என்றார் என் மாமனார். "நீங்க ஏன் மச்சான் தரோணும், நான் தர்றேன்" என்றார் ராக்கியண்ணன்.

ராக்கியண்ணன் வேறு யாருமில்லை, என் மாமியாருடன் பிறந்த தம்பி. அத்தைக்குத் தம்பி என்றால் எனக்குச் சித்தப்பா முறை. நல்ல மனிதர். என் மாமனாரும் நல்ல மனிதர். இரண்டு நல்ல மனிதர்கள் கொடுப்பதற்குப் போட்டி போட்டால் என்ன ஆகும் என்பதை நான் கண்ணால் பார்த்தேன். எடுப்பதற்குப் போடும் சண்டையாவது ஒரு நாள் ஓயும். எந்த இடம் என்று முடிவு செய்வது நிர்வாகக் கமிட்டி. கமிட்டி யார் கையில் என்பதற்குத் தேர்தல். முதல் தேர்தலில் மாமனார் ஜெயித்தார். அடுப்பே இல்லாதவர்கள் ஓட்டுப் போட்டார்கள் என்று சித்தப்பா நாமக்கல்லில் கேஸ் போட்டார்.

ஒரே வண்டியில்

இங்கே ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். ஊரில் நல்ல காளை பூட்டிய வண்டி எங்கள் வீட்டில்தான் இருந்தது. யுத்த காலம், பஸ்ஸெல்லாம் கரியில் ஓடிக்கொண்டிருந்தது. பஸ்ஸின் பின்னால் ஒரு பெரிய அடுப்பைக் கட்டித் தொங்கவிட்டு, கையால் சுற்றிச் சுற்றிக் கனலை மூட்டுவார்கள். ஏற்றத்தில் ஆட்கள் இறங்கித் தள்ள வேண்டும். அதை நம்பி வாய்தாவுக்குப் போக முடியாது என்று சித்தப்பா எங்கள் வண்டியிலேயே வருவார்.

வாதியும் பிரதிவாதியும் ஒரே வண்டியில். அத்தை கட்டிக் கொடுக்கும் கட்டுச்சோறும் ஒன்றே. கோர்ட் வாசலில் புளியமரத்தடியில் இருவரும் அதைப் பிரித்து உண்பார்கள். பெயர் கூப்பிட்டதும் கை கழுவிக்கொண்டு போய் ஆளுக்கொரு பக்கம் நிற்பார்கள். திரும்பி வரும்போது, மாமனாரின் வக்கீல் இன்று சரியாகப் பேசவில்லை என்று சித்தப்பாவே குறைப்படுவாராம்.

கோர்ட்டுக் காகிதங்களை வீட்டில் படித்துச் சொல்வது நான். மாமனாருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. பள்ளிக்கூடம் கட்டியவருக்குக் கையெழுத்து வராது என்பதில் அவருக்கு வெட்கமும் இல்லை, மறைப்பும் இல்லை. "எனக்குத் தெரிஞ்சிருந்தா நான் எதுக்குக் கட்டப் போறேன்?" என்பார். நான் ஐந்து வரை படித்தவள். காகிதத்தை என் கையில் கொடுத்துவிட்டு, "படி சாமி" என்று கட்டிலில் சாய்ந்துகொள்வார். அந்த வீட்டில் என்னைச் சாமி என்று கூப்பிட்டவர் அவர் ஒருவர்தான். அத்தைக்கு நான் "ஏ புள்ள". திட்டும்போதும் ஏ புள்ள, எண்ணெய் தேய்த்துவிடும்போதும் ஏ புள்ள.

அப்படி ஒரு நாள் நான் படித்த காகிதத்தில்தான் என் தலையெழுத்து மாறியது. பழைய தேர்தல் செல்லாது. ஊரிலுள்ள அடுப்புகளைக் கணக்கெடுத்து, புதிய பட்டியலின்படி மறுபடி நடத்த வேண்டும் என்று எழுதியிருந்தது.

ஏரி மண் பட்ட பாடு

அதற்குப் பிறகு எங்கள் ஊரைப் பார்க்க வேண்டுமே. இரண்டு கட்சிக்காரர்களும் வீட்டைப் பிரிக்கத் தொடங்கினார்கள். நேற்றுவரை ஒரே தட்டில் உண்ட அண்ணன் தம்பிகள் இன்றைக்குத் தனி அடுப்பு. சண்டை கிடையாது, மனஸ்தாபம் கிடையாது, எல்லாம் ஓட்டுக்காக. அடுப்புக் கட்ட ஏரியில் மண் வெட்டி வெட்டி, கரையோரம் பன்றி கிளறியது போல ஆகிவிட்டது.

சித்தப்பா தன் இரண்டு மகன்களையும் பிரித்துவிட்டார். எங்கள் வீட்டில் நான்கு பிள்ளைகள். நாலையும் பிரிக்கலாம் என்றார் மாமனார். அத்தை அகப்பையால் அண்டாவை ஒரு தட்டுத் தட்டினார்.

"நாலாத் துண்டாக்க உடமாட்டேன். ஒண்ணே ஒண்ணு. கடைசிப் பையனைப் பிரிச்சு உடுங்க, அவனுக்குத்தான் கொழந்தை குட்டி இல்ல. ஓட்டு முடிஞ்ச மறுநாளே அடுப்பை இடிச்சுப்போடோணும்" என்றார்.

கடைசிப் பையன் என்றால் என் வீட்டுக்காரர்.

இந்த இடத்தில் நான் மாவாட்டிய கதை வருகிறது. அந்த வீட்டில் நான் நான்காவது மருமகள். இருபத்துச் சொச்சம் பேருக்குச் சமையல். அடுப்படி அத்தை கையில். குழம்பு மூத்தவள், காய் இரண்டாமவள், பாத்திரம் மூன்றாமவள், ஆட்டுக்கல்லும் உரலும் நான். வந்து இரண்டு வருஷம் ஆகியும் ஒரு நாள் அடுப்புப் பற்றவைத்ததில்லை. ஒரு நாள் உப்புப் போட்டதில்லை. ஆண்கள் உண்டு எழுந்து, குழந்தைகள் உண்டு, பண்ணையத்தில் வேலை செய்கிறவர்களுக்கு ஊற்றி, மூத்தவர்கள் உண்டு, கடைசியில் நான் உட்காரும்போது சோறு பானை வடிவத்தில் கட்டியாக இருக்கும். குறை சொல்லவில்லை, வயிற்றுக்குக் குறைவே இல்லை. ஆனால் எனக்குச் சூடாக உண்ண வேண்டும். நானே ஆக்கி, என் வீட்டுக்காரரும் நானும் எதிரெதிரே உட்கார்ந்து, ஆவி முகத்தில் அடிக்க ஒரு வாய் உண்ண வேண்டும். அவ்வளவுதான் ஆசை. சொன்னால் சிரிப்பார்கள் என்று யாரிடமும் சொல்லவில்லை.

பருத்தி போட்டு வைக்கும் அறையை எங்களுக்கு ஒழித்துக் கொடுத்தார்கள். அடுப்பை நானே கட்டினேன். ஏரி மண்ணில் நறுக்கிய வைக்கோலைப் போட்டு மிதித்து, ஒரு நாள் புளிக்கவிட்டு, பானை உட்கார மூன்று குமிழ் வைத்து வழித்தேன். பெரிய அடுப்பின் அனலிலேயே கொதிக்க, பக்கத்தில் ஒரு கொடியடுப்பும் கட்டினேன்.

என் வீட்டுக்காரர் நிலைப்படியில் சாய்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். "பொய்யடுப்புக்கு எதுக்குக் கொடியடுப்பு?" என்று கேட்டார்.

"ரசம் வெக்கறதுக்குங்க" என்றேன். சாயங்காலம் அவர் விறகு பிளந்து கொண்டுவந்து அடுக்கினார்.

தாய்மாமன் வந்தார்

ஒரு நல்ல நாள் பார்த்துப் பால் காய்ச்சினோம். பொய்யானாலும் அடுப்பு அடுப்புதானே, பால் பொங்காமல் எப்படி? அப்போதுதான் அந்த வேடிக்கை நடந்தது.

எங்கள் பக்கத்தில் தாய்மாமன் இல்லாமல் ஒரு நல்ல காரியமும் கிடையாது. காது குத்தினால் மாமன் மடி, கல்யாணம் என்றால் மாமன் சீர், பிள்ளை தனிக்குடித்தனம் போனால் மாமன் பானை. என் வீட்டுக்காரருக்கு ஒரே தாய்மாமன் ராக்கியண்ணன்தான். அவர் வர மாட்டார், கேஸ் நடக்கிறதே என்று நாங்கள் நினைத்தோம்.

பால் பொங்கும் நேரத்துக்குச் சரியாக வந்து நின்றார். தலையில் புதுத் துண்டு. பின்னால் அவர் மனைவி ஒரு தாம்பாளத்தில் அரிசி, பருப்பு, வெல்லம் எல்லாம் வைத்து எடுத்து வந்தார். சித்தப்பாவின் கையில் பெரிய வெண்கலப் பானை. நாமக்கல் பாத்திரக் கடையில் சொல்லிச் செய்தது. கழுத்தைச் சுற்றிப் புள்ளி எழுத்தில் அவர் பெயரும் ஊரும் வெட்டியிருந்தது. ஒரு எழுத்துப் பிசகில்லை. தாய்மாமன் வைத்த பானை என்று நாளைக்கு நாலு பேர் படிக்க வேண்டாமா?

மாமனார் எழுந்து கட்டிலில் இடம் விட்டார். இருவரும் உட்கார்ந்து பால் குடித்தார்கள். கேஸைப் பற்றி மூச்சு இல்லை. போகும்போது சித்தப்பா என்னிடம், "நல்லா ஆக்கித் தின்னுங்க கண்ணு. பானை கனமானது, அடி புடிக்காது" என்று சொல்லிவிட்டுப் போனார்.

அடுத்த வாரமே அவர் வக்கீல் ஒரு மனுப் போட்டார். என் மாமனாரின் கடைசி மகன் வைத்திருப்பது பொய்யடுப்பு, ஓட்டுக்காகக் கட்டியது, கணக்கில் சேர்க்கக் கூடாது. கீழே ராக்கியண்ணனின் கையெழுத்து. நான்தான் அதைப் படித்துச் சொன்னேன். மாமனாருக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிப் போயிற்று.

கோர்ட் ஒரு வழி செய்தது. கமிஷனர் ஒருவர் இந்த மாதத்துக்குள் ஏதாவது ஒரு நாள் சொல்லாமல் கொள்ளாமல் வருவார்; அன்றாடம் சமையல் நடக்கிற அடுப்பா என்று நேரில் பார்த்து எழுதுவார்; அவர் எழுதினால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை.

இதனால் எனக்கு அடித்தது யோகம். எந்த நாள் வருவார் என்று தெரியாததால், பொய்யடுப்பில் தினமும் மெய்யாகவே சமைக்க வேண்டியதாயிற்று. அத்தை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு, கம்பு ஒரு மூட்டை, தட்டப்பயிறு, மிளகாய், புளி எல்லாம் பிரித்துக் கொடுத்தார். முதல் நாள் கம்பஞ்சோற்றுக்கு உப்புக் கூடிவிட்டது. இரண்டு வருஷமாகப் போடாத உப்பையெல்லாம் சேர்த்துப் போட்டுவிட்டேன் போலிருக்கிறது. என் வீட்டுக்காரர் மூன்று செம்புத் தண்ணீர் குடித்தார். எதிரெதிரே உட்கார்ந்து உண்டோம். ஆவி முகத்தில் அடித்தது. அழுகை வந்துவிட்டது எனக்கு. மிளகாய்க் காரம் என்று சொல்லிச் சமாளித்தேன்.

இப்போது டவுனில், ஃபேர்லேண்ட்ஸில் மகள் வீட்டில் கேஸ் அடுப்பைத் திருகினால் நீலமாக எரிகிறது. சௌகரியம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்த ஒரு மாதத்தில் நான் சமைத்த மாதிரி ஆசையாக அப்புறம் என்றைக்கும் சமைக்கவில்லை.

அமாவாசையன்று

கமிஷனர் வந்தது அமாவாசையன்று காலை. யாருக்கும் தெரியாமல் வர வேண்டும் என்று கரி பஸ்ஸில் புதுச்சத்திரத்தில் இறங்கி நடந்து வந்திருக்கிறார். முகத்திலும் கோட்டிலும் ஏற்கெனவே பஸ்ஸின் கரி.

எங்கள் வகையறாவில் ஒரு பழக்கம். அமாவாசையன்று முன்னோருக்குப் படையல் பெரிய வீட்டில்தான். தனிக்குடித்தனம் போனவர்களும் அங்கே வந்து கும்பிட்டு, காக்கை சோறெடுத்த பிறகுதான் தங்கள் அடுப்பைப் பற்றவைப்பார்கள். முதல் நாளே ஒரு பிடி மட்டும் விட்டுச் சாம்பலை அள்ளிவிட்டு, அடுப்பைச் சாணியால் மெழுகி, செம்மண் இட்டுக் கோலம் போட்டு வைத்துவிடுவோம். ஆகவே அவர் வந்து குனிந்து பார்த்தபோது என் அடுப்பு, நேற்றுக் கட்டிப் பேருக்கு ஒரு தரம் பற்றவைத்தது போலப் பளிச்சென்று உட்கார்ந்திருந்தது. தொட்டால் சில்லென்றிருந்தது.

இப்போது நாம் தொடங்கிய இடத்துக்கே வந்துவிட்டோம்.

மாமனார் அமாவாசைப் பழக்கத்தை எடுத்துச் சொன்னார். "அமாவாசை எங்க வீட்லயும் உண்டுங்க, எங்க அடுப்பு எரியுதே" என்றார் கமிஷனர். காகிதத்தை எடுத்து மடிமேல் வைத்துக்கொண்டார். பேனாவின் மூடியைக் கழற்றினார். அவர் "இல்லை" என்று எழுதப்போகிறார் என்பது எனக்குத் தெரிந்துவிட்டது. எழுதிவிட்டால் ஓட்டுப் போகும். ஓட்டுப் போனால் அடுப்புக்கு வேலையில்லை, அன்றைக்கே இடித்துவிடுவார்கள். சாயங்காலம் நான் மறுபடி ஆட்டுக்கல்லுக்குப் போய்விடுவேன்.

ஊர் கூடிய இடத்தில், மாமனார் முன்னால் மருமகள் வாய் திறக்கும் வழக்கம் அந்தக் காலத்தில் இல்லை. ஆனால் திறந்த பேனாவைப் பார்த்ததும் அதெல்லாம் மறந்துபோயிற்று.

"ஏனுங்க வக்கீலய்யா, அந்தப் பானையைக் கொஞ்சம் எடுத்துப் பாருங்க" என்றேன்.

மூலையில் கவிழ்த்து வைத்திருந்த வெண்கலப் பானையை அவர் எடுத்தார். அடியில் ஏறியிருந்த கரி ஒரு நாளில் ஏறுகிற கரியல்ல. அவர் இரண்டு கையிலும் அப்பிக்கொண்டது. நிமிர்த்தியபோது கழுத்தில் இருந்த எழுத்து கண்ணில் பட்டது. படித்தார். தன் காகிதத்தைப் புரட்டி மனுவில் இருந்த பெயரைப் படித்தார். மறுபடி பானையைப் படித்தார்.

"ராக்கியண்ணன்னு போட்டிருக்கே. அது யாரு?"

"நானேதானுங்க" என்று சித்தப்பா ஓரடி முன்னால் வந்தார். பெயரைப் படித்துவிட்டார்களே என்று அவர் முகத்தில் ஒரு பெருமை.

"இந்தப் பானை நீங்க குடுத்ததா?"

"பின்னே? அக்கா மகன் தனியாப் போனா தாய்மாமன் சீரு வெக்காம வேற ஆருங்க வெப்பாங்க?"

"அப்ப இவங்க தனியாப் போனது நிசம்தானே?"

சித்தப்பா தோளில் கிடந்த துண்டை எடுத்து மறுதோளில் போட்டுக்கொண்டார். கூட்டத்தில் ஒருவர் களுக்கென்று சிரித்தார். சீர் வைத்ததை இல்லை என்று சொன்னால் தாய்மாமன் என்று அப்புறம் தலை காட்ட முடியாது. உண்டு என்று சொன்னால் கேஸ் போகும்.

"கேசு வேறங்க, சீரு வேறங்க" என்றார் கடைசியில்.

கமிஷனர் கரிக் கையாலேயே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அவருக்கு மீசை முளைத்துவிட்டது.

சிரித்து முடித்து எழுதத் தொடங்கியவர், ஏதோ நினைத்துக்கொண்டு என்னைப் பார்த்து இன்னொரு கேள்வி கேட்டார். "தேர்தல் முடிஞ்ச பிறகும் இந்த அடுப்பு எரியுமாம்மா? அதையும் எழுதணும். நீங்க சொல்றதை எழுதிக் கையெழுத்து வாங்கிக் கோர்ட்ல குடுப்பேன்."

இதை யாரும் எதிர்பார்க்கவில்லை. மாமனார் அத்தையைப் பார்த்தார். அத்தை என் அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். மறுநாளே இடித்துப்போட வேண்டும் என்று அவர் சொன்னது அந்த வீட்டில் எல்லோருக்கும் தெரியும். நான் தலையை ஆட்டி, எழுதியதும் கையெழுத்துப் போட்டுவிட்டு, பிறகு இடிக்கச் சம்மதிக்கலாம். யார் கேட்கப் போகிறார்கள்? அப்படித்தான் எல்லோரும் நினைத்திருப்பார்கள்.

"எரியுங்க. நான் இந்த ஊட்டுல இருக்கற வரைக்கும் எரியுங்க" என்றேன்.

அதில் ஒரு சொல்லும் பொய்யில்லை. கையெழுத்தைப் பெரிதாகப் போட்டேன். அவர் எழுதியதைப் படித்துக் காட்டச் சொன்னார் மாமனார். "படி சாமி" என்றார் வழக்கம்போல. ஊர் முன்னால் நிறுத்தி நிதானமாகப் படித்தேன். அத்தை அகப்பையோடு திரும்பி உள்ளே போய்விட்டார்.

வக்கீல் போன பிறகு என் வீட்டுக்காரர் மெல்ல வந்து, "என்ன காரியம் பண்ணிப்போட்ட!" என்றார். மனிதர் முகத்தில் சிரிப்பை அடக்கவே முடியவில்லை.

கடப்பாரை

தேர்தல் நடந்தது. இந்தப் பக்கம் கூடிய அடுப்புக்கு அந்தப் பக்கம் கூடிய அடுப்புச் சரியாகப் போய், கடைசியில் மாமனார் ஒரே ஓர் ஓட்டில் ஜெயித்தார். அது எந்த அடுப்பு ஓட்டு என்று நான் சொல்ல வேண்டியதில்லை. மேளம் வைத்தார்கள். தோற்ற சித்தப்பாதான் முதல் மாலை போட்டார். போட்டுவிட்டு, "இதோட உடமாட்டேன் மச்சான்" என்றும் சொல்லிவிட்டார்.

மறுநாள் காலை நான் அடுப்பில் உலை வைத்திருந்தேன். கொடியடுப்பில் தட்டப்பயிற்றுக் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. நிலைப்படியில் நிழல் விழுந்தது. அத்தை நின்றார். அன்றைக்குக் கையில் அகப்பை இல்லை. கடப்பாரை இருந்தது.

"எந்திரி புள்ள" என்றார்.

கோபமாகச் சொல்லவில்லை. களை எடுக்கக் கூப்பிடுவது போலச் சொன்னார். சொன்ன சொல்லை நடத்துகிறவர் அவர். நான் எழுந்தேன்.

"இடிக்கறதுன்னா இடிச்சுப்போடுங்க அத்தை. ஆனா வெளியில சித்தப்பா நிக்கறாருங்க" என்றேன்.

அத்தை எட்டிப் பார்த்தார். எதிரே வேப்பமரத்தடியில் ராக்கியண்ணன் பல்லுக் குச்சியை மென்றுகொண்டு நின்றார். விடிந்ததிலிருந்தே அங்கேதான் நின்றார். கண் எங்கள் கூரைப் புகைமேல். என் அடுப்பு அணைந்தால் அடுத்த பஸ்ஸில் நாமக்கல் போய், பொய்யடுப்பு என்று நிரூபித்து மாமனாரை நாற்காலியிலிருந்து இறக்கிவிடலாமே. அதற்குப் பிறகும் பல மாதம் அவர் அப்படி வந்து நின்றார். அந்த அடுப்பை ஒரு நாளும் அணையவிடாமல் காத்தது எங்கள் கட்சியல்ல, எதிர்க்கட்சிதான். அந்த நன்றி எனக்கு இன்னமும் இருக்கிறது.

அத்தை தம்பியைப் பார்த்தார். கடப்பாரையைப் பார்த்தார். இடித்தால் புருஷனின் பதவி போகும். இடிக்காவிட்டால் கட்டிக் காத்த வீடு இரண்டாகிவிடும். ஒரு பெண்பிள்ளைக்கு இது பெரிய தண்டனைதான் என்று இப்போது நினைத்தால் தோன்றுகிறது. அப்போது எனக்கு என் அடுப்பு மட்டும்தான் தெரிந்தது.

கடைசியில் கடப்பாரையைச் சுவரில் சாத்தினார். சாத்திவிட்டுப் போகவில்லை. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு அடுப்புக்கு முன்னால் உட்கார்ந்தார். நான் கட்டிய குமிழைத் தடவிப் பார்த்தார்.

"என்ன கொழம்பு?"

"தட்டப்பயிறுங்க அத்தை."

வட்டிலை வைத்தேன். கம்பஞ்சோற்றை அள்ளிப் போட்டு, குழி பறித்து, கொதிக்கக் கொதிக்கக் குழம்பை ஊற்றினேன். அவர் விரலை வைத்துவிட்டுச் சுரீரென்று எடுத்துக்கொண்டார். ஊதினார். ஒரு வாய் வைத்தார். கண்ணை மூடிக்கொண்டு மென்றார்.

"முப்பது வருசமா இந்தக் கையாலதான் அத்தனை பேருக்கும் ஆக்கிப் போடறேன். ஒரு நாளும் சூடா உண்டதில்ல" என்றார்.

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. இரண்டு வருஷம் அந்த வீட்டில் கடைசியாக உண்கிறவள் நான்தான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். நான் உண்டு எழுந்த பிறகு அந்த அண்டாவின் அடியை வழித்து உண்டது யார் என்று ஒரு நாளும் திரும்பிப் பார்க்கவில்லை. அத்தனை பெரிய ஆசையை வைத்துக்கொண்டிருந்தவளுக்குப் பக்கத்தில் இருந்த ஆளைத் தெரியாமல் போயிற்று. எனக்கு வெட்கமாக இருந்தது.

வெளியே மாமனாரின் குரல் கேட்டது. அடுப்பை இடித்தாயிற்றா என்று கேட்டுக்கொண்டே வந்தார்.

"கோர்ட்டுல எழுதிக் குடுத்த அடுப்பை இடிக்கறதுக்கு நீங்க ஆரு?" என்று உள்ளேயிருந்தே கேட்டார் அத்தை. மாமனாரின் செருப்புச் சத்தம் வந்த வழியே திரும்பிப் போய்விட்டது.

பிறகு வட்டிலை என் பக்கம் நகர்த்தினார்.

"இன்னொரு கரண்டி ஊத்து, சாமி" என்றார்.